லக்கி லூசர் பட்டியலில் இரண்டாம் பெயர்

தோற்ற பத்தாவது நிமிடம் அப்பா கத்தரியைக் கையில் எடுத்துவிட்டார்.

எட்டு வருடமாக அதுதான் வழக்கம். மகள் ஒரு டென்னிஸ் போட்டியில் தோற்று வெளியே வந்தால் அவர் ஆறுதல் சொல்ல மாட்டார், திட்டவும் மாட்டார். வேனின் பின்கதவைத் திறந்து ராக்கெட்டுகளை வரிசையாகக் கிடத்தி, நரம்புகளை நடுவிலிருந்து தொடங்கி மேலும் கீழும் மாற்றி மாற்றி அறுப்பார். அறுக்காமல் விட்டால் சட்டம் ஒரு பக்கம் கோணிக்கொள்ளும் என்பது அவர் கட்சி. பல் செட் செய்யும் ஆய்வகத்தில் வேலை பார்க்கிறவர். அரை மில்லிமீட்டர் பிசகினாலும் அடுத்தவர் வாய் காட்டிக்கொடுத்துவிடும் என்று பயந்து பயந்தே இருபது வருடம் ஓட்டியவர். வீட்டில் துவைக்கும் இயந்திரத்துக்குப் பக்கத்தில், யாரோ பாதி விலைக்குத் தள்ளிவிட்ட நரம்பு கட்டும் இயந்திரம் ஒன்று இருக்கிறது. மகளின் ராக்கெட்டை வேறு யாரும் தொட்டதில்லை.

ஜூனியர் போட்டிகளில் இந்த வழக்கத்தால் ஒரு தொந்தரவும் வந்ததில்லை. தோற்றால் மூட்டை கட்ட வேண்டியதுதான். மாலைக்குள் வீடு, அடுத்த வாரம் புது நரம்பு.

அந்தச் செவ்வாய்க்கிழமை தோல்வி கொஞ்சம் அதிகமாகவே வலித்தது. நெட்டைக்குப் பதினெட்டு ஆக இன்னும் இரண்டு மாதம். நெட்டை என்பது வீட்டில் வைத்த பெயர். பன்னிரண்டு வயதிலேயே அம்மாவின் தோளைத் தாண்டிவிட்டதால் ஒட்டிக்கொண்டது. ஜூனியரில் அவளைக் கண்டால் ஒதுங்கிப்போகிறவர்கள் இருந்தார்கள். பந்தைத் தட்டையாக, பலமாக, கோட்டின் ஓரமாக அடிப்பாள். மூன்றாவது அடியில் பாயிண்ட் முடிந்துவிடும். பெரியவர்களின் போட்டிக்கு வந்த பிறகு அதே அடி நாலாவது முறையும் திரும்பி வந்தது, ஐந்தாவது முறையும் வந்தது. இது எட்டாவது தொழில்முறைப் போட்டி. எட்டிலும் தகுதிச் சுற்றைத் தாண்டவில்லை.

இந்தத் தடவை கடைசித் தகுதிச் சுற்றுவரை வந்திருந்தாள். மூன்றாவது செட்டில் ஐந்துக்கு ஐந்து. எதிராளி அடித்த பந்து பின்கோட்டுக்கருகில் விழுந்தது. நெட்டையின் இடது ஆள்காட்டி விரல் தானாக மேலே போனது. வாயும் “அவுட்” என்றது. ஜூனியரில் நடுவர் நாற்காலி காலியாக இருக்கும், ஆடுகிறவர்களே சொல்லிக்கொள்ள வேண்டும். இங்கே நாற்காலியில் ஆள் இருந்தார். பந்து உள்ளே என்றார், ஆட்டத்தை நிறுத்தியதால் பாயிண்ட் எதிராளிக்கு என்றார். அதற்கப்புறம் அவள் எடுத்தது ஒரே ஒரு பாயிண்ட்.

“எட்டு வருஷ விரல். எட்டு வாரத்துல மடங்குமா?” என்றாள் வேனில் ஏறியபடி.

அம்மா ஸ்டியரிங்கில் கை வைத்து உட்கார்ந்திருந்தாள். நகரப் பேருந்து ஓட்டுகிறவள். ஸ்டியரிங்கைப் பிடித்துவிட்டால் பேச்சு குறைந்துவிடும். அன்று வேன் கிளம்பும் முன்பே குறைந்துவிட்டது. அவள் மனதில் ஓடியது என்ன என்று மற்ற இருவருக்கும் தெரியும். வெள்ளிக்கிழமை.

இயன்முறை மருத்துவக் கல்லூரியில் நெட்டைக்கு இடம் கிடைத்திருந்தது. வெள்ளி மதியம் பன்னிரண்டுக்குள் சேர்கிறாயா இல்லையா என்று சொல்லியாக வேண்டும். மூன்று மாதம் முன்பு சமையலறை மேசையில் ஒப்பந்தம் போட்டவள் அம்மாதான். “அதுக்குள்ள ஒரே ஒரு ரேங்க் புள்ளி எடு. திங்கக்கிழமை திங்கக்கிழமை வர்ற ரேங்க் பட்டியல்ல உன் பேர் வரட்டும். காலேஜ் அடுத்த வருஷமும் இருக்கும். வரலைன்னா பேக்கை மாட்டிக்கிட்டு கிளாசுக்குப் போ. அழக் கூடாது, முகத்தைத் தூக்கி வச்சுக்கவும் கூடாது.” ஒரு புள்ளிக்கு மெயின் டிரா எனும் முதன்மைச் சுற்றில் ஒரு ஆட்டம் ஜெயிக்க வேண்டும். முதன்மைச் சுற்றுக்குள் போகவே முடியாத நிலையில் அது நிலாவில் ஜெயிப்பது மாதிரிதான்.

வேனின் சன்னலை யாரோ தட்டினார்கள். முதுகில் ஒன்று, தோளில் ஒன்று, கையில் ஒன்று என்று பைகளோடு நின்ற பெண்ணை எல்லாரும் மூட்டை அக்கா என்பார்கள். இருபத்தாறு வயது. அவளும் அன்று காலை அதே சுற்றில் தோற்றவள்.

“எங்க கிளம்பிட்ட? கையெழுத்துப் போட்டியா?”

“எதுல?”

“லக்கி லூசர் லிஸ்ட்ல. மெயின் டிராவில யாராவது விலகினா, தோத்தவங்கள்ல ஒருத்தரை உள்ள எடுப்பாங்க. எனக்கு ரேங்க் இருக்கு, அதனால நான் முதல். மத்த ரெண்டு பேரும் ஊருக்குப் போயாச்சு. நீ போட்டா ரெண்டாவது.” அவள் பார்வை பின்கதவுப் பக்கம் போனது. “அங்கிள் என்ன பண்றார்?”

அங்கிள் இரண்டாவது ராக்கெட்டின் கடைசி நரம்பை அறுத்துக்கொண்டிருந்தார்.

“அப்பா! நிறுத்துங்க!”

நெட்டை பாய்ந்து போய் மூன்றாவதைப் பிடுங்கினாள். நல்லவேளை, அதில் கத்தரி படவில்லை. அப்பா அறுபட்ட நரம்புகளைக் கையில் வைத்துக்கொண்டு, தவறான பல்லைப் பிடுங்கிவிட்டவர் மாதிரி நின்றார்.

“தோத்தாச்சேம்மா…” என்றார்.

“இங்க தோத்த பிறகும் வேலை இருக்காம்பா!”

நடுவர் அலுவலகத்தை ஒட்டிய அறையில் எட்டு பிளாஸ்டிக் நாற்காலி, ஒரு தண்ணீர்க் கேன், ஒரு ஐஸ் பெட்டி, சுவரில் இரண்டு நிமிடம் முந்தி ஓடும் கடிகாரம். புதன்கிழமை விடிந்ததும் அங்கே வந்து கையெழுத்துப் போட்டாள். ஒவ்வொரு ஆட்டம் தொடங்கும் முன்பும் ஷூ கட்டி, உடம்பைச் சூடாக்கித் தயாராக இருக்க வேண்டும். பெயரைக் கூப்பிட்டால் ஐந்து நிமிடத்தில் மைதானத்தில் நிற்க வேண்டும். இல்லாவிட்டால் அடுத்த பெயர்.

புதன் மதியம் ஒருத்திக்கு வயிறு சரியில்லை என்று தகவல் வந்தது. மூட்டை அக்கா மூன்று பைகளையும் தூக்கிக்கொண்டு ஓடினாள். ஐம்பத்தைந்து நிமிடத்தில் ஆறு இரண்டு, ஆறு ஒன்று என்று தோற்றுவிட்டுத் திரும்பி வந்து, ஐஸ் பெட்டிமேல் காலை வைத்துக்கொண்டு வாழைப்பழம் உரித்தாள்.

“அவ்வளவுதானாக்கா?”

“அவ்வளவுதான். அடுத்த வாரம் வேற ஊரு, வேற ஐஸ் பெட்டி. இப்ப நீ முதல்.”

“அதிர்ஷ்டம் இருந்தா.”

“அதிர்ஷ்டம் வரும்போது ஷூ கட்டியிருந்தியான்னுதான் கேள்வி,” என்றவள், பாதிப் பழத்தை அவளிடம் நீட்டிவிட்டு ரயில் பிடிக்கக் கிளம்பினாள்.

இதற்கிடையில் அப்பா ஒரே ராக்கெட்டை வைத்துக்கொண்டு மகள் எப்படி ஆடுவாள் என்று உருகிக்கொண்டிருந்தார். போட்டிக்காரர்களே நரம்பு கட்டும் ஆள் ஒருவரை வைத்திருந்தார்கள். படிக்கட்டுக்குக் கீழே ஒரு சிறிய அறை, நடுவில் மின்சார இயந்திரம், சுவரெல்லாம் பெயர்ச் சீட்டு கட்டிய ராக்கெட்டுகள். வியாழன் சாயந்திரம்வரை கையே வைக்க முடியாது என்று நரம்புக்காரர் சொல்லிவிட்டார். அப்பா போகவில்லை. வாசலில் நின்று வேடிக்கை பார்த்தார். ஒரு மணி நேரம் பார்த்தார்.

“என்ன சார், பரீட்சை எழுதற பிள்ளையைப் பார்க்கற மாதிரி பார்க்கறீங்க?”

“நீங்க இடது பக்கம் கடிக்கறதே இல்ல,” என்றார் அப்பா. “பிஸ்கட்டைக்கூட வலது பக்கம்தான் தள்றீங்க. பல்லுக்குப் புதுசா கேப் போட்டீங்களா?”

நரம்புக்காரரின் கை நின்றது. “போன மாசம். உங்களுக்கு எப்படி…”

“ஒரு முடி உயரமா இருக்கும். டாக்டர்கிட்ட லேசா ராவிவிடச் சொல்லுங்க. விட்டீங்கன்னா தாடை வலி வரும்.”

“வந்துடுச்சு சார். வந்து ரெண்டு வாரமாச்சு. வீட்டுல நான் சும்மா முகத்தைச் சுளிக்கறேன்னு நினைச்சுக்கிட்டு இருக்காங்க.”

அதற்கப்புறம் அப்பாவுக்கு அறைக்குள் ஒரு ஸ்டூல் கிடைத்தது. வியாழன் மதியம் நரம்புக்காரர் சாப்பிடப் போகும் முக்கால் மணி நேரம் இயந்திரம் அப்பாவுக்கு என்று பேச்சானது.

வியாழக்கிழமை ஐந்து ஆட்டங்கள். ஒவ்வொன்றுக்கும் முன்னால் நெட்டை கயிறு தாண்டினாள், குனிந்து நிமிர்ந்தாள், சுவரில் பந்தடித்தாள். ஒவ்வொரு தடவையும் இரண்டு பேரும் நலமாக வந்து ஆடத் தொடங்கினார்கள். அவள் வந்து உட்கார்ந்து ஷூ நாடாவைத் தளர்த்திக்கொண்டாள். நாலு ஆட்டம் முடிந்தது.

“பஸ்ஸை ஸ்டார்ட் பண்றதும் ஆஃப் பண்றதுமா இருக்கு,” என்றாள் அம்மா. “வண்டி ஷெட்டை விட்டு நகரல. டீசல்தான் போகுது.”

“இன்னும் ஒரு மேட்ச் இருக்கும்மா.”

“நாளைக்கு விடியக்காலை எனக்கு முதல் ஷிப்டு. மூணு மணிக்காவது கிளம்பணும்.”

“மேட்ச் ரெண்டரைக்கு. அரை மணி நேரம்தானே.”

“அந்த ரெண்டு பேரும் நல்லாத்தான் இருக்காங்க. இப்பதான் பார்த்தேன். ஒருத்தி சிரிச்சுக்கிட்டு இருக்கா.”

“இருக்கட்டும்மா. நல்லா இருக்கட்டும். நான் கயிறு தாண்டிட்டு வரேன்.”

அம்மா அவளை ஏற இறங்கப் பார்த்தாள். சிறுபிள்ளையில் பேருந்து இரண்டு நிமிடம் தாமதமானால் நிறுத்தத்தில் காலை உதைத்து அழுத பெண். இரண்டு நாளாக ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள். கைப்பேசியைக்கூட உள்ளே வைத்துவிட்டாள்.

இரண்டு மணி இருபது நிமிடத்துக்கு அலுவலகக் கதவு திறந்தது. சிரித்துக்கொண்டிருந்த அதே பெண்ணுக்குப் பயிற்சியில் சர்வீஸ் போடும்போது முதுகு பிடித்துக்கொண்டதாம். பெயர் பெற்ற ஆட்டக்காரி. தலைமை நடுவர் கையில் இருந்த தாளைப் பார்த்து நெட்டையின் பெயரைச் சொன்னார்.

“ஐந்து நிமிடம்.”

நெட்டை எழுந்தாள். ஷூ கட்டியிருந்தது. அம்மாதான் தடுமாறிப்போய், தண்ணீர் பாட்டில் என்று நினைத்து நாற்காலிமேல் இருந்த யாருடைய குடையையோ எடுத்து அவள் கையில் கொடுத்தாள்.

படிக்கட்டுக்குக் கீழே அப்பா அப்போதுதான் சட்டத்தை இயந்திரத்தில் பூட்டியிருந்தார். நரம்புக்காரர் சாப்பிடப் போகுமுன் ஒன்று சொல்லியிருந்தார். “இது உங்க வீட்டு மெஷின் மாதிரி இல்ல சார், விடாம இழுக்கும். கொஞ்சம் குறைச்சு வைங்க.” கொஞ்சம் என்றால் எவ்வளவு என்று கேட்க அப்பா மறந்துவிட்டார். மகளின் பெயர் ஒலிபெருக்கியில் வந்தது. இறுக்கமாகப் போய் அறுந்துவிடப் போகிறதே என்ற பயத்தில் இழுவிசையில் இரண்டு கிலோ குறைத்தார். யோசித்து இன்னும் இரண்டு குறைத்தார்.

எதிரில் ஆடியவள் இடதுகைக்காரி. முப்பதைத் தொட்டுக்கொண்டிருப்பாள். முழங்காலில் பட்டை. தெரியாத ஒரு சிறுமி வந்து நிற்பதைப் பார்த்ததும் அவள் முகத்தில் ஒரு தெம்பு வந்தது. முதல் செட் ஆறு மூன்று என்று அவளுக்குப் போனது. நெட்டை தனக்குத் தெரிந்தபடிதான் ஆடினாள். தட்டையாக, பலமாக, கோட்டோரமாக. பாதி உள்ளே விழுந்தது, பாதி வெளியே.

இரண்டாவது செட்டில் நாலுக்கு நாலு. நெட்டையின் சர்வீஸ், முப்பதுக்கு முப்பது. பட்டென்று சத்தம். நரம்பு அறுந்துவிட்டது.

அவள் பையைத் திறந்தாள். உள்ளே ஒரு வெற்றுச் சட்டம், வெறும் முட்டை வடிவம். நடுவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். வேலிக்கு வெளியே அம்மா, கணவரை அதுவரை யாரும் கேட்டிராத குரலில் கூப்பிட்டாள்.

“என்னங்க! எங்க இருக்கீங்க!”

அப்பா ஓடி வந்தார். ஒரு கையில் ராக்கெட், இன்னொரு கையில் வாலாக நீளும் மிச்ச நரம்பு. நடுவர் தலையசைத்ததும் வேலிக்குமேல் நீட்டினார். “சூடா இருக்கு, பார்த்து,” என்றார், வேறென்ன சொல்வதென்று தெரியாமல் வாயில் வந்ததைச் சொல்கிறவராக.

முதல் பந்து பின்வேலியில் போய் மோதியது. இரண்டாவது பந்து அதைவிட உயரத்தில் மோதியது. நாலு ஐந்து. நெட்டை நரம்பை உள்ளங்கையால் அழுத்திப் பார்த்தாள். பஞ்சு மெத்தை மாதிரி உள்ளே போனது. வேலிப் பக்கம் திரும்பி அப்பாவை ஒரு பார்வை பார்த்தாள். அப்பா மைதானத்துக் கொடிக்கம்பத்தை ஆராய்ந்துகொண்டிருந்தார்.

இதை வைத்துக்கொண்டு தட்டையாக அடிக்க முடியாது. கோட்டோரமும் முடியாது. மிச்சம் இருந்தது ஒன்றே ஒன்று. பந்தைக் கீழிருந்து மேலே உருட்டித் தூக்கி, வலைக்கு ஒரு ஆள் உயரத்துக்குமேல் அனுப்பி, நடு மைதானத்தில் ஆழமாக விழவைப்பது. பயிற்சியில் சோம்பலாக இருக்கும்போது ஆடும் ஆட்டம். ஜூனியரில் அப்படி ஆடுகிறவர்களைப் பார்த்து அவளே சிரித்திருக்கிறாள். இப்போது ஆடினாள். பந்து போனது, வந்தது. திரும்பவும் போனது. ஒரு பாயிண்டுக்கு இருபது அடி, இருபத்தைந்து அடி. யாராவது ஒருவருக்கு அலுத்துப்போக வேண்டும். நெட்டைக்கு அலுக்கவில்லை. இரண்டு நாளாக அவள் பார்த்துக்கொண்டிருந்த வேலையோடு ஒப்பிட்டால் இதில் ஏகப்பட்ட விறுவிறுப்பு இருந்தது.

இடதுகைக்காரிக்கு அலுத்தது. தோளுக்குமேல் எழும்பும் பந்தை ஒவ்வொரு முறையும் எட்டி அடித்து அடித்து, பாயிண்டை முடிக்க அவசரப்பட்டாள். வலையில் அடித்தாள். இரண்டாவது செட் ஏழு ஐந்து, நெட்டைக்கு.

அம்மா டிப்போவுக்குப் போன் போட்டாள். “விடியக்காலை ஷிப்டுக்கு வேற யாரையாவது போடுங்க சார்… இல்ல, உடம்புக்கு ஒண்ணுமில்ல… பொண்ணு மேட்ச் இன்னும் முடியல… எப்ப முடியும்னு எனக்கு எப்படி சார் தெரியும், இதுக்கு டைம் டேபிள் இல்ல.”

மூன்றாவது செட் முழுக்க நிழல் மைதானத்தின் குறுக்கே நகர்ந்தது. மூன்றுக்கு மூன்று. நாலுக்கு நாலு. நெட்டை தன் சர்வீசைக் காப்பாற்றி ஐந்து நாலு ஆக்கினாள். அடுத்த கேமில் நாற்பது முப்பது, அவளுக்கு மேட்ச் பாயிண்ட். முப்பத்தொரு அடி. அப்பா எண்ணினார். பிறகு அந்த எண்ணிக்கையை ஆய்வகத்தில் எல்லாரிடமும் சொன்னார். முப்பத்தொன்றாவது அடியில் இடதுகைக்காரியின் பந்து பக்கக் கோட்டுக்கு வெளியே போனது, அரை அடி தூரத்தில், யார் பார்த்தாலும் தெரியும்படி. நெட்டை வாயைத் திறக்கவில்லை. நடுவரைப் பார்த்தபடி நின்றாள். நடுவர் சொல்லும்வரை மூச்சும் விடவில்லை.

வலைக்கருகே கைகுலுக்கும்போது இடதுகைக்காரி, “உன் வயசுல எனக்கு இந்தப் பொறுமை இல்ல,” என்றாள்.

“எனக்கும் இல்லக்கா. ராக்கெட் அப்படி.”

வெளியே வந்ததும் அப்பா இரண்டடி தள்ளியே நின்றார். “எப்படி இருந்துச்சு… நரம்பு?”

“கொசுவலை மாதிரி இருந்துச்சுப்பா.”

“கொஞ்சம் குறைக்கச் சொன்னாங்க. நான் கொஞ்சம் கூடுதலா குறைச்சிட்டேன்.”

“நாளைக்கும் அதே அளவுல கட்டுங்க. மத்த ரெண்டையும்.”

அப்பா கண்ணைத் துடைக்கப் போனார். இல்லாத மூக்குக் கண்ணாடியைக் கழற்றப்போன கை அவர் மூக்கருகே கொஞ்சநேரம் நின்றது. அது படிக்கட்டுக்குக் கீழே இயந்திரத்துக்குப் பக்கத்திலேயே கிடந்தது.

வெள்ளிக்கிழமை காலை தங்கும் அறையில் அம்மா மகளின் தலையைப் பின்னிக்கொண்டிருந்தாள். இரண்டாவது சுற்று பதினொன்றரைக்கு. எதிராளி போட்டியிலேயே முதல் தரவரிசைக்காரி.

“ஒண்ணு கேட்கறேன், நேரா சொல்லணும்,” என்றாள் அம்மா. “ஜெயிச்சதால பிடிச்சிருக்கா, இல்ல பிடிச்சுத்தான் இருக்கா?”

“நேத்து காலைல ஆடுவேனா மாட்டேனான்னே தெரியல. அப்பவும் பிடிச்சுத்தான் இருந்துச்சு.”

அம்மா பின்னலை முடிந்து, ஒரு தட்டுத் தட்டினாள். பிறகு கைப்பேசியை எடுத்துக் கல்லூரியின் எண்ணைப் போட்டு நீட்டினாள்.

“நீயே பேசு. சீட்டு உன் பேர்ல இருக்கு.”

“அம்மா, நீ பேசும்மா. எனக்கு என்ன சொல்றதுன்னு தெரியல.”

“மைதானத்துல நான் வந்து அடிச்சேனா? பேசு.”

நெட்டை கைப்பேசியை வாங்கிக் காதில் வைத்தாள். மறுமுனையில் சேர்க்கைப் பிரிவு குமாஸ்தா விண்ணப்ப எண்ணைக் கேட்டார். தாள் புரளும் சத்தம் கேட்டது.

“ஆமா, இருக்கு. சேர்றீங்களா?”

“இந்த வருஷம் இல்லைங்க சார். அடுத்த வருஷத்துக்குத் தள்ளி வைக்க முடியுமான்னு கேட்கறேன்.”

“காரணம் எழுதணும். உடம்பு சரியில்லையா?”

“இல்ல சார். வேலை கிடைச்சிருக்கு.”

“என்ன வேலை?”

“டென்னிஸ் ஆடறேன்.”

“அது சரிம்மா. வேலை என்னன்னு கேட்டேன்.”

“அதுதான் சார் வேலை.”

மறுமுனையில் பேனா மூடி திறக்கும் சத்தம். அப்பா கதவருகே இரண்டு ராக்கெட்டுகளையும் மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். அம்மா சாவிக்கொத்தை உள்ளங்கையில் இறுக்கிப் பிடித்திருந்தாள்.

“எழுதிக்கறேன். ஒரு வருஷம் வச்சிருப்போம், அதுக்கு மேல முடியாது,” என்றார் குமாஸ்தா. பேனா ஓடும் சத்தத்துக்கு நடுவில், வேலைக்குச் சம்பந்தமில்லாத குரலில் கேட்டார். “ஆமா, எத்தனாவது ரேங்க்கும்மா நீங்க?”

“இன்னும் வரலை சார்,” என்றாள் நெட்டை. “திங்கக்கிழமை வரும்.”